காலத்தைத் தின்று வாழ்ந்து அழிந்துபோன ஓர் உயிரினம்: மணவாளக்குறிச்சிக் கரையில் வைத்தால் நிற்குமா?

தேரிமணல்:
கதை ஒன்றுக்காக இல்லாத ஓர் உயிரினத்தை உருவாக்கிக்கொண்டிருக்கிறேன். பெயர் நாழிகையுண்ணி. தின்பது காலம். இப்போது ஒன்றுகூட உயிரோடு இல்லை. வாழ்ந்த இடம், முட்டம் தொடங்கி மணவாளக்குறிச்சி வரையுள்ள கடற்கரை.

இதுவரை எழுதி வைத்திருப்பது இவ்வளவுதான்: உள்ளங்கை அகலம், தட்டை உடம்பு, கண் கிடையாது. பகலில் மணலுக்குள் புதைந்து கிடக்கும். அந்தி மயங்கினால் ஊருக்குள் வரும். திண்ணையில் யாராவது அசந்து உட்கார்ந்திருந்தால் அவருடைய ஒரு நாழிகையைத் தின்றுவிட்டுப் போகும். அவருக்கு இப்போதுதான் உட்கார்ந்தது போலிருக்கும். எழுந்து பார்த்தால் 24 நிமிடம் காணாமல் போயிருக்கும். 1906-ல் நாடு முழுக்க ஒரே நேரம் என்றானதும் எல்லாரும் கடிகாரம் பார்த்து நடக்க ஆரம்பித்தார்கள். அசந்த நேரமே இல்லாமல் பட்டினியால் அழிந்தது.

ஓட்டை எங்கே என்று சொல்லுங்கள். 'அருமை, தொடருங்கள்' மட்டும் வேண்டாம்.

மணிமேடை:
அருமை, தொடருங்கள்.

குளச்சல்காரன்:
மக்கா, கோவிச்சுக்கிடாதே. ஆளோட நேரத்தத் தின்னுக சாதனம் இப்ப எல்லாவன் கையிலயும் இருக்கு, சார்ஜ் போட்டு வேற வச்சிருக்கான். இத வாசிக்கவன் ரெண்டாவது பத்தியிலயே 'ஓ, செல்போனச் சொல்லுகான்'னு முடிவு கட்டிருவான். அதுக்குப் பெறகு உன் உண்ணிக்குக் காலு எத்தனை, கொம்பு எத்தனைன்னு எவன் கேக்கப்போறான்? அது ஒரு சீவனாட்டு நிக்கணும்னா யாருக்கும் புத்தி சொல்லப்பிடாது. பசிச்சா தின்னணும், தின்னா பேளணும். அதாக்கும் சீவன். உன் உண்ணி எங்க பேளுது? ஒரு வரி இல்ல.

கணக்குவாத்தியார்:
1906-ஐ எடுத்துவிடுங்கள் தம்பி. அந்த வருடம் சனவரி 1 முதல் 82.5 பாகை கிழக்குத் தீர்க்கரேகையை வைத்து இந்திய நேரம் வந்தது உண்மை. நாகர்கோவில் இருப்பது ஏறத்தாழ 77.4-ல். பாகைக்கு 4 நிமிடம். ஆகக் கடிகாரத்தில் 12 ஆகிச் சுமார் 20 நிமிடம் கழித்துத்தான் நமக்கு உச்சிப்பொழுது. அதுவும் சராசரிதான். நவம்பர் தொடக்கத்தில் 12:04 வாக்கிலேயே உச்சி வந்துவிடும், பிப்ரவரி நடுவில் 12:34 ஆகும். முற்றத்தில் ஒரு கம்பை நட்டு, நிழல் மிகக் குறுகும் நேரத்தைக் குறித்துவந்தால் நீங்களே பார்க்கலாம். கன்னியாகுமரி காந்தி மண்டபத்தில் அக்டோபர் 2 நண்பகலில் அஸ்தி வைத்த இடத்தில் வெயில் விழும்படி கட்டியிருக்கிறார்கள் அல்லவா? அன்றைக்குச் சூரியன் உச்சிக்கு வருவது நம் கைக்கடிகாரத்தில் 12:09-க்கு.

இந்த 20 நிமிடத்தை எவரும் தின்னவில்லை. முள்ளை நகர்த்தினார்கள், அவ்வளவே. போர்க்காலத்தில் 1942 முதல் 1945 வரை இன்னொரு மணி நேரமும் முன்னால் தள்ளி வைத்தார்கள். அதனால் யாருடைய ஆயுளிலும் ஒரு மணி நேரம் கழியவில்லை. பத்மநாபபுரம் அரண்மனைக் கடிகாரம் ஓடுவது எடை கீழிறங்கும் விசையில். எடை இறங்குவதைத் தின்னலாம் என்றால்கூட ஒரு நியாயம் உண்டு. முள் காட்டும் எண்ணைத் தின்று எந்த உயிரினமும் பிழைக்காது.

மணிமேடை:
நல்லவேளை சார், எங்க நாகர்கோவில் மணிமேடைச் சந்திப்புக் கடிகாரத்த விட்டுட்டீங்க. 1893-ல கட்டினது. அது ஒருநாள் நின்னா உண்ணி தின்னுட்டுன்னு சொல்லிக்கிடலாம்னு பாத்தேன்.

தேரிமணல்:
திண்ணை, 1906 ரெண்டையும் வெட்டியாச்சு. ஆனால் கேள்வி நிற்கிறது. உணவு என்றால் எங்காவது இருக்க வேண்டும். காலம் எங்கே கட்டியாகக் கிடக்கிறது, வாய் வைக்க?

குமரிக்கோடு:
குமரிக்கண்டம் மூழ்கினபோது அதோட சேர்ந்து மூழ்கிய விலங்குன்னு வைங்க. எல்லாக் கேள்விக்கும் பதில் ஆச்சு.

நெறியாளர்:
குமரிக்கண்டத்துக்குத் தனி இழை இருக்கிறது. தயவுசெய்து அங்கே.

சார்னோக்கைட்:
காலம் கட்டியாகக் கிடக்கிற பொருள் உங்கள் கதை நடக்கிற கரையிலேயே இருக்கிறது. அதன்மேல் நின்றுகொண்டு திண்ணையைத் தேடியிருக்கிறீர்கள்.

மணவாளக்குறிச்சி மணலைக் கொஞ்சம் உள்ளங்கையில் பரப்பிப் பத்து மடங்கு லென்ஸில் பாருங்கள். கறுத்து மினுங்குவது இல்மனைட். இளஞ்சிவப்பு, கார்னெட். நிறமே இல்லாமல் பளபளப்பது சிர்கான். நடுவே அங்கங்கே, முனையெல்லாம் தேய்ந்து உருண்டு, தேன் நிறத்தில் ஒன்றிரண்டு மணி தட்டுப்படும். அது மோனசைட். நல்ல காந்தத்தைக் காட்டினால் இல்மனைட் பாய்ந்து ஒட்டும். மோனசைட் அவ்வளவு எளிதில் அசையாது.

அதற்குள் தோரியம் இருக்கிறது. தோரியத்தில் பாதி சிதைந்து ஈயமாக 1,405 கோடி ஆண்டு பிடிக்கும். பேரண்டத்தின் வயதே சுமார் 1,380 கோடிதான். ஒரு மணிக்குள் எவ்வளவு ஈயம் சேர்ந்திருக்கிறது என்று அளந்துதான் அந்தப் படிகம் எப்போது உருவானது என்று சொல்கிறோம். நம் மலைப்பாறைகளில் உள்ள மோனசைட் பெரும்பாலும் 55 கோடி ஆண்டை ஒட்டிய கணக்கைக் காட்டும். மடகாஸ்கரும் இலங்கையும் நம்மோடு ஒட்டிக் கிடந்த காலத்தில், பூமிக்கடியில் கிலோமீட்டர் கணக்கான ஆழத்தில் வெந்த பாறை. அந்த மலை கரைந்து ஆற்றோடு கடலுக்குப் போய், அலை கனமானதை மட்டும் கரையில் ஒதுக்கியதுதான் கருமணல்.

உங்கள் உண்ணி மோனசைட் மணியை வாயிலிட்டு, அதில் சேர்ந்த காலத்தை உறிஞ்சட்டும். உறிஞ்சித் துப்பிய மணியில் ஈயம் இருக்காது. போன தோரியம் திரும்பியிருக்கும். அளந்தால் நேற்று உருவான படிகமாகத் தெரியும். எலும்பு தேட வேண்டாம். அவ்வளவு சூட்டில் வெந்த பாறையில் எலும்பு கிடைக்கவும் கிடைக்காது. வயதில்லாத மணல்தான் அது விட்டுப்போன எச்சம்.

குளச்சல்காரன்:
கொள்ளாம்! பேளவும் வழி வந்தாச்சு.

மலையோரம்:
சார்னோக்கைட், அப்படி மணல் கிடைத்தால் பாறையின் வயதை அளக்கிற உங்கள் ஆட்கள் கண்டுபிடித்திருக்க மாட்டார்களா?

சார்னோக்கைட்:
மாட்டோம். சூட்டிலும் பாறைக்குள் ஊறும் திரவத்திலும் மணியிலிருந்து ஈயம் வெளியேறுவது எங்களுக்குத் தெரிந்த சங்கதி. வயது குறைவாக வந்தால் 'ஈய இழப்பு' என்று எழுதி அந்த மணியைக் கணக்கிலிருந்து ஒதுக்கிவிடுவோம். உண்ணிக்கு இதைவிட நல்ல மறைவிடம் கிடையாது.

ஒன்று மட்டும் நினைவில் வையுங்கள். 55 கோடி ஆண்டில் இருந்த தோரியத்தில் நூற்றுக்கு 3 பங்குகூடச் சிதைந்திருக்காது. ஒரு மணியில் கிடைப்பது கொஞ்சமே. ஆகையால் இது ஓடித் திரிகிற பிராணியாக இருக்க முடியாது. நாள் முழுக்கக் கிடந்து மென்றுகொண்டே இருக்கும்.

ஆறாமீன்:
அழிஞ்சதுக்குக் காரணம் தேடி அலைய வேண்டாம், அதுவும் அங்கயே இருக்கு. 1909-ல ஷோம்பெர்க்குன்னு ஒரு ஜெர்மன் வேதியியல்காரர், நம்ம பக்கத்துலேருந்து போன கயிற்று நாருல ஒட்டிக்கிட்டு வந்த மணலப் பாத்து மோனசைட்டக் கண்டுபிடிச்சாரு. கொஞ்ச வருசத்துலயே மணல் கப்பலேறிட்டு. எதுக்குன்னு கேளுங்க. கேஸ் விளக்கு மாண்டிலுக்கு! அந்த மாண்டில்ல நூத்துக்கு 99 பங்கு தோரியம் ஆக்சைடு, ஒரு பங்கு சீரியம் ஆக்சைடு. கல்யாண வீட்டுல பெட்ரோமாக்ஸ் எரிஞ்சப்ப வெள்ளையாட்டு தகதகன்னு நின்னுதுல்லா, அந்த வலைதான். உண்ணிக்கச் சோத்தக் கொண்டுபோய் ஐரோப்பாவுல தெருவிளக்கு எரிச்சாச்சு. பட்டினி. முடிஞ்சுது கதை.

தேரிமணல்:
இதுதான்! இதை வைத்தே முடித்துவிடுகிறேன்.

மலையோரம்:
முடிக்காதீர்கள். ரெண்டு காரணம். ஒன்று, ஆனி ஆடியில் தென்மேற்குப் பருவ அலை அடிக்கிற அடியில் கனமான மணல் திரும்பத் திரும்பக் கரைக்கு வந்துகொண்டே இருக்கிறது. இன்றைக்கும் அங்கே மோனசைட் உண்டு. சோறு தீரவில்லை. மற்றது, வெளிநாட்டான் வந்தான், எடுத்தான், நம்முடையது அழிந்தது என்ற முடிவை எழுதாத ஆள் இல்லை. குளச்சல்காரன் அண்ணாச்சி சொன்ன 'புத்தி சொல்லப்பிடாது' இதற்கும் பொருந்தும்.

உயிரினங்கள் பெரும்பாலும் பட்டினியால் அழிவதில்லை. 1990-களில் இந்தியாவில் பாறுக் கழுகுகள் கொத்துக்கொத்தாகச் செத்தபோது செத்த மாடு எல்லா ஊரிலும் கிடந்தது. சாவதற்கு முன்னால் அந்த மாட்டுக்குப் போட்ட டைக்ளோஃபெனாக் வலிமருந்து கழுகின் சிறுநீரகத்தைக் கெடுத்தது. அறுத்துப் பார்த்தால் ஈரலின் மேல் சுண்ணாம்பு பூசியதுபோல் யூரிக் அமிலம் படிந்திருந்தது. காரணம் 2004-ல் தெரிந்தது, 2006-ல் கால்நடைக்கு அந்த மருந்து தடையானது. வயிறு நிறைந்தபடியே செத்தவை அவை.

உங்கள் உண்ணி எப்படி இனம் பெருக்குகிறது என்று இதுவரை நீங்கள் எழுதவே இல்லை. அங்கே தேடுங்கள். கூடவே ஒரு வேண்டுகோள்: இதற்குப் பழங்கதை வேண்டுமென்று மலைப் பழங்குடிகளான காணிக்காரர்கள் வாயில் எதையாவது இட்டுக்கட்டி வைக்காதீர்கள். பேச்சிப்பாறைக்கு மேலே இருக்கிற அவர்களுக்குக் கடற்கரைப் பூச்சியோடு என்ன சோலி?

குளச்சல்காரன்:
அக்கா கேட்டது சரியான கேள்வி. மணலுல கெடக்குக சீவன் மணலுலதான் முட்டை போடும். பங்குனி ஆமை போடல்லியா? அது பொரிக்க ஒரு ஒண்ணரை மாசம், ரெண்டு மாசம் ஆகும். உன் உண்ணி முட்டையும் அப்படித்தான்னு வையி. ஆனா தாயும் தகப்பனும் அதே மணலுல கெடந்து காலத்த உறிஞ்சுதே, முட்டைக்கு நாள் எப்படிவே ஓடும்?

கணக்குவாத்தியார்:
இங்கே விதியைத் தெளிவாக வையுங்கள் தம்பி. அது தின்பது சேர்ந்துவிட்ட காலத்தையா, வரப்போகிற காலத்தையா? வரப்போகிறது என்றால் முட்டை அப்படியே உறைந்து நிற்கும். சார்னோக்கைட் சொன்ன விதிப்படி, சேர்ந்ததைத்தான் தின்கிறது. அப்படியானால் முட்டை நிற்காது, திரும்பும். நாற்பது நாள் வளர்ந்த கருவை உண்ணி நக்கினால் அது இட்ட அன்றைய முட்டையாகிவிடும். மஞ்சள்கருவும் முழுதாகத் திரும்பியிருக்கும். முட்டை சாகாது. பொரிக்கவும் பொரிக்காது.

தேரிமணல்:
சார், கை நடுங்குகிறது. அப்படியென்றால் அவை முட்டையிடும் இடமும் மேயும் இடமும் வேறு வேறாக இருந்திருக்க வேண்டும். ஆனி ஆடியில் கருமணல் ஒதுங்கும் அலைவாயில் மேய்ச்சல். மாசி பங்குனியில் மேலே ஏறி, வெள்ளை மணல் மேட்டில், அடும்பங்கொடிக்கு அடியில் முட்டை. இட்டதும் இறங்கிப் போய்விட வேண்டும். குஞ்சைப் பார்க்கவே கூடாத தாய்.

மலையோரம்:
இப்போது இதற்கு ஒரு வாழ்க்கை வந்துவிட்டது. அழிவும் அதிலிருந்தே வரும். கரை அகலம் குறைந்தால் போதும். மேட்டுக்கும் அலைவாய்க்கும் நடுவே இடம் இல்லாமல் போனால் மேய்கிற இடத்திலேயே முட்டை கிடக்கும்.

தேரிமணல்:
கடலரிப்புத் தடுப்புச் சுவர். கல்லைக் கொட்டிக் கட்டுகிறார்களே. சுவருக்குக் கடல்புறம் மணல் ஒரு கீற்றாகத்தான் மிஞ்சும்.

ஆறாமீன்:
தம்பி, அந்தச் சுவருக்கும், கடலுக்குள்ள கல்லப் போட்டுக் கட்டுக தூண்டில் வளைவுக்கும் எங்க ஊரு சனம் எத்தன நாளு ரோட்டுல இருந்திருக்குன்னு உனக்குத் தெரியுமா? சுவரு இல்லைன்னா எங்க அடுக்களைக்குள்ள கடல் வரும். ஒரு இல்லாத பூச்சிக்காக அதக் கட்டினவனையும் கேட்டவனையும் பாவியாக்கிராதே. இன்னொண்ணும் இப்பவே சொல்லிருகேன், 2004 டிசம்பர் 26-ஐ இதுக்குள்ள கொண்டுவரப்பிடாது. அன்னைக்கு நாங்க குடுத்தத உன் கதைக்குக் காரணமாக்காதே.

தேரிமணல்:
கொண்டுவர மாட்டேன் அண்ணாச்சி. சுவர் பற்றியும் ஒரே வரிதான், குற்றம் சாட்டாமல். சுவர் வந்தது, கரை சுருங்கியது, அவ்வளவு.

மணிமேடை:
ஒரு சந்தேகம். எல்லாம் முட்டையாவே கெடக்குது, பெருசுக வயசாகி ஒண்ணொண்ணா சாகுது. கடைசிப் பெருசும் செத்துட்டுன்னா முட்டைய நக்க ஆளில்லயே. அப்ப எல்லா முட்டையும் ஒரே சமயத்துல பொரிச்சிரும்லா? எங்க அழிஞ்சுது?

குளச்சல்காரன்:
லேய் மணிமேடை, இவ்வளவு நேரம் இத மடியில வச்சுக்கிட்டா 'அருமை, தொடருங்கள்'னு எழுதின?

கணக்குவாத்தியார்:
நல்ல கேள்வி. பதிலும் அதற்குள்ளேயே இருக்கிறது. எல்லா முட்டையும் ஒரே நிமிடத்தில் பொரிக்காது. ஒன்று முந்தும். முந்திய குஞ்சுக்குப் பிறந்ததும் பசி. பக்கத்தில் கிடக்கிற முட்டைகளில் ஐம்பது நாள் காலம் சேர்ந்திருக்கிறது. நக்கும். அவை இட்ட நாளுக்குத் திரும்பும். அந்தக் குஞ்சு வளர்ந்து, துணையில்லாமல், வாழ்நாள் முழுக்கத் தன் உடன்பிறப்புகளை முட்டையாகவே வைத்திருந்து செத்துப்போகும். பிறகு அடுத்த ஐம்பது நாள். அடுத்தது முந்தும். எந்த நேரத்திலும் உலகில் ஒரே ஓர் உண்ணிதான். இனப்பெருக்கம் முடிந்துவிட்டது. முட்டைக் கையிருப்பு மட்டும் ஒவ்வொன்றாகக் குறையும்.

சுவர் வந்தபோது 36 முட்டை மிச்சம், ஒன்று ஓராண்டு வாழும், பொரிக்க ஐம்பது நாள் என்று வைத்தால் சுமார் 41 ஆண்டில் தீர்ந்துவிடும். வேண்டுமானால் முட்டையை ஏற்றி இறக்கிக்கொள்ளுங்கள்.

மலையோரம்:
இதைப் படித்துவிட்டு எழுந்து ஒரு சாயா போட்டுக்கொண்டு வந்தேன். வெளியிலிருந்து பார்க்கிறவனுக்கு அந்த 41 ஆண்டும் 'அரிதாகத் தென்படுகிறது' என்றுதான் தெரியும். எப்போது போனாலும் ஒன்று இருக்கும். ஆய்வாளன் குறிப்பில் ஒருநாளும் 'அழிந்துவிட்டது' என்று எழுத மாட்டான். ஒரே இடத்தில் வருடாவருடம் ஒன்று தென்பட்டால், அதே ஒன்று என்றுதான் நினைப்பான். காப்பாற்ற முடியுமா என்று யாராவது கேட்டால், முடியும். ஒரு முட்டையை மட்டும் எடுத்துச் சிரட்டையில் வைத்து வேறு ஊருக்குக் கொண்டுபோனால் போதும். உங்கள் கதைக்கு ஆள் தேவைப்படுவது அங்கேதான். யார் எடுக்கவில்லை, ஏன் எடுக்கவில்லை.

சார்னோக்கைட்:
வயதில்லாத மணல் கிடைத்த ஆளே அதுவாக இருக்கட்டும். கையில் ஆதாரம் இருக்கிறது, 'ஈய இழப்பு' என்று எழுதிவிட்டார்.

தேரிமணல்:
அவரேதான் கதைசொல்லி. மலையோரம் அக்கா, நீங்கள் சொன்ன குறிப்பேடும் அவர் கையில்தான்.

தேதியைக் கொல்லம் ஆண்டில் போடலாம் என்றிருக்கிறேன். இந்தப் பக்கத்துப் பழைய சொத்துப் பத்திரங்களெல்லாம் அந்தக் கணக்கில்தான் இருக்கும், அவர் வீட்டுப் பத்திரமும் அப்படித்தான். கொல்லம் 1200 பிறந்தது 2024 ஆகஸ்டில். கடைசி உண்ணி 1199 ஆடியில், கருமணல் நிறைய ஒதுங்கியிருந்த கரையில், நல்ல மேய்ச்சலோடு செத்தது என்று எழுதுகிறேன்.

குளச்சல்காரன்:
எழுது. 'காலம் பொன் போன்றது'ன்னு கடைசி வரியில ஏதாவது வச்சேன்னா நேர்ல வந்து ஒதைப்பேன்.

மணிமேடை:
இன்னும் ஒரு சந்தேகம். கண்ணுதான் இல்லைன்னு மொதல்லயே எழுதியாச்சு. அப்ப மோனசைட் எது, கூடப்பொறந்தவனுக்க முட்டை எதுன்னு அது எப்படிக் கண்டுபிடிக்கும்?

தேரிமணல்:
கண்டுபிடிக்காது. ரெண்டும் உருண்டை, ரெண்டிலும் காலம் இருக்கும். முட்டையில் ருசி கொஞ்சம் கூடுதல்.